தடையுத்தரவு விழுந்த பின்: அதே நீதிமன்றமா, மேல் நீதிமன்றமா, நேரே விசாரணையா?

நிலாவெளிப் பக்கம் கடலோரக் காணியொன்றில் மதில் எழும்பிக்கொண்டிருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். பக்கத்துக் காணிக்காரர் திருகோணமலை மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, வேலையை நிறுத்தும் கட்டளையொன்றை வாங்கிவிட்டார். சீமெந்து இறக்கியாயிற்று, மேசனுக்கு முற்பணமும் கொடுத்தாயிற்று. இந்த நிலையில் சட்டத்தரணியிடம் வரும் முதல் கேள்வி அநேகமாக "மேல்கோட்டுக்குப் போகலாமா?" என்பதுதான். போகலாம். ஆனால் அது இருக்கிற வழிகளில் ஒன்று மட்டுமே. பல வழக்குகளில் அதுவே ஆக மெதுவான வழி, கையில் தருவதும் குறைவு. எந்த வழி என்பதை முதல் சில நாட்களுக்குள் முடிவுசெய்யவேண்டும், ஏனென்றால் ஒரு வழியில் கழியும் நாட்கள் இன்னொரு வழியின் கதவை மூடிவிடும்.

முதலில் கையில் இருப்பது என்ன கட்டளை என்று பாருங்கள். இலங்கையின் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 664 ஆம் பிரிவு இரண்டு வகைக் கட்டளைகளைப் பிரித்து வைத்திருக்கிறது. இடைக்காலத் தடையுத்தரவு மறுதரப்புக்கு விண்ணப்பமும் சத்தியக்கடதாசியும் சேர்ப்பித்து, ஆட்சேபணை கேட்ட பின்னரே வழங்கப்படவேண்டியது. அதுவரை காத்திருந்தால் நோக்கமே கெட்டுவிடும் என்று நீதிமன்றம் கருதினால், மறுதரப்பைக் கேட்காமலே ஒரு தடுப்புக் கட்டளை கொடுக்கலாம். சட்டத்தரணிகள் என்ஜொயினிங் ஓடர் என்பது இதைத்தான். அதன் ஆயுள் முதலில் 14 நாட்களுக்கு மேற்படக்கூடாது. நீடிப்பதானால் ஒவ்வொரு தடவையும் 14 நாட்களுக்கு மேற்படாமல், போதிய காரணத்தைப் பதிந்துதான் நீடிக்கலாம். தடையுத்தரவு விண்ணப்பம் தீர்மானிக்கப்பட்டதும் அது தானாகவே ஒழிந்துபோகும். வாசலில் பிஸ்கால் (நீதிமன்றக் கடதாசிகளைச் சேர்ப்பிக்கும் அலுவலர்) ஒட்டிவிட்டுப் போன கடதாசி இந்த இரண்டில் எது என்று தெரியாமல் வழி தேடுவதில் பயனில்லை.

மூன்றாவதாக ஒன்றும் உண்டு, அது இந்தக் கட்டுரைக்குள் வராது: ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின், அதாவது 1979 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்கச் சட்டத்தின், 66 ஆம் பிரிவின் கீழ் பொலிஸ் அறிக்கையை வைத்து வரும் காணி உடைமைக் கட்டளை. அதற்கு மேன்முறையீடே கிடையாது, மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு, அதாவது மேன்முறையீடாக அல்லாமல் கீழ்க் கட்டளையைத் திரும்பப் பார்க்கக் கேட்பது, மட்டுமே. இரண்டையும் ஒன்றாக நினைத்து ஓடித் திரிகிறவர்கள் கொஞ்சப் பேரல்லர்.

மேல் நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

இதைத் தெரிந்துகொண்டால்தான் ஒப்பீடு பிடிபடும். 754(2) ஆம் பிரிவின் சொற்கள் அகலமானவை. வழக்கின் நடுவே இட்ட கட்டளையில் உள்ள பொருண்மைத் தவறையோ சட்டத் தவறையோ திருத்துவதற்கு, முன் அனுமதியுடன் மேன்முறையீடு செய்யலாம் என்கின்றன. 2006 ஆம் ஆண்டின் 54 ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்துக்குப் பின் மாவட்ட நீதிமன்றக் கட்டளைகளுக்கு எதிரான அந்த விண்ணப்பம் மாகாணத்தின் சிவில் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்துக்குப் போகிறது. திருகோணமலைக்காரருக்கு அது கிழக்கு மாகாண மேல் நீதிமன்றம். குறைந்தது இரண்டு நீதிபதிகள் கேட்பார்கள்.

ஆனால் இடைக்காலத் தடை என்பது நீதிபதியின் தற்றுணிபு, அதாவது அவருடைய மதிப்பீட்டுக்கு விடப்பட்ட முடிவு. தற்றுணிபை மீள்பார்க்கும் நீதிமன்றம் "நான் அந்தக் கதிரையில் இருந்திருந்தால் வேறுவிதமாகத் தீர்த்திருப்பேன்" என்பதற்காகத் தலையிடுவதில்லை. 1982 இல் ஹட்மோர் வழக்கில் இங்கிலாந்தின் பிரபுக்கள் சபையும், 1990 இல் வான்டர் எதிர் அன்டொக்ஸ் வழக்கில் இந்திய உயர் நீதிமன்றமும் வகுத்த அளவுகோல் இதுவே: சட்டத்தைத் தவறாக விளங்கியிருக்கவேண்டும், அல்லது இல்லாத பொருண்மையை இருப்பதாகக் கொண்டிருக்கவேண்டும், அல்லது பொருத்தமானதை விட்டுப் பொருத்தமற்றதைக் கருதியிருக்கவேண்டும், அல்லது எந்த நியாயமான நீதிபதியும் வராத முடிவாக இருக்கவேண்டும். இவை இங்கே கட்டுப்படுத்தும் தீர்ப்புகளல்ல, ஆனால் வாதத்தில் துணைக்கு எடுக்கலாம், மறுதரப்பும் எடுக்கும். இதன்மேல் அரசியலமைப்பின் 138 ஆம் உறுப்புரையிலும் ஒரு காப்புவாசகம் உண்டு: தரப்பினரின் முக்கிய உரிமைகளைப் பாதிக்காத, நீதி தவறச் செய்யாத வழுவுக்காகவோ ஒழுங்கீனத்துக்காகவோ எந்தக் கட்டளையும் மாற்றப்படாது. ஆகவே கட்டளையில் ஒரு பிழையைக் காட்டினால் மட்டும் போதாது. அந்தப் பிழை இல்லாவிட்டால் முடிவே மாறியிருக்கும் என்றும் காட்டவேண்டும்.

அப்படியானால் பிழை எங்கே கிடைக்கும்? இலங்கையில் இடைக்காலத் தடைக்கு மூன்று படிகள். 1981 இல் பண்டாரநாயக்க எதிர் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் வழக்கில் மேன்முறையீட்டு நீதிமன்றம் அவற்றை வரிசையாக வைத்தது: முதலில், தீர்க்கவேண்டிய பாரதூரமான வினாவுள்ள ஒரு முகத்தோற்ற வழக்கு (மேலோட்டமாகப் பார்த்தாலே நிற்கக்கூடிய வழக்கு) இருக்கவேண்டும்; இருந்தால், தடை கொடுத்தால் யாருக்கு இடர் கூடுதல், கொடுக்காவிட்டால் யாருக்குக் கூடுதல் என்ற நிறுவை; கடைசியாக, விண்ணப்பதாரர் கைசுத்தமாக வந்தாரா என்பது உட்பட்ட ஒப்புரவுக் கருத்துகள். கட்டளையை எடுத்து இந்த மூன்றையும் பென்சிலால் குறித்துக்கொண்டு வாசியுங்கள். முதற்படியில் ஒரு வரியும் எழுதாமல் நேரே இடருக்குத் தாவிய கட்டளை பலவீனமானது. மூன்றையும் தொட்டு, ஆவணங்களைப் பெயர் சொல்லி எடுத்து, முடிவு மட்டும் உங்களுக்குப் பிடிக்காததாக இருந்தால், அதை மேலே கொண்டுபோவது காசுக்குக் கேடு.

அதே நீதிமன்றத்தில் 666

நாங்கள் முதலில் பார்க்கச் சொல்வது இதைத்தான். 666 ஆம் பிரிவின்படி தடையுத்தரவையோ தடுப்புக் கட்டளையையோ இட்ட நீதிமன்றமே அதை நீக்கலாம், மாற்றலாம், இரத்துச் செய்யலாம். அதிருப்தியடைந்த எந்தத் தரப்பும் சுருக்க நடவடிக்கைமுறையில் மனுவும் சத்தியக்கடதாசியும் போட்டுக் கேட்கலாம். இங்கே தற்றுணிபு என்ற மதில் இல்லை, தன் கட்டளையைத் தானே பார்க்கும் நீதிபதிக்கு அந்தத் தயக்கம் தேவையில்லை. புதிய ஆவணங்களையும் முன்வைக்கலாம். மேல் நீதிமன்றத்திலோ பொதுவாக மாவட்ட நீதிமன்ற ஏட்டில் இருந்ததை வைத்துத்தான் வாதம்.

மறுதரப்பைக் கேட்காமல் வந்த தடுப்புக் கட்டளைக்கு இது ஏறத்தாழக் கட்டாய வழி. ஒருதலைப்பட்சமாக வந்த கட்டளையை, முதலில் அதை இட்ட நீதிமன்றத்திடமே எடுத்துச் செல்லவேண்டும் என்பது 1947 இன் லொக்கு மெனிக்கா எதிர் செலந்துஹாமி வழக்கிலிருந்து நிலைத்த நடைமுறை. அதைத் தாண்டி மேலே போனால் முதல் நாளே "கீழே ஏன் கேட்கவில்லை?" என்ற கேள்வி வரும்.

இங்கே ஆக வலுவான ஆயுதம் உண்மை மறைப்பு. மறுதரப்பு இல்லாத இடத்தில் கட்டளை கேட்பவர் தனக்கு எதிரானதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். 1973 இன் அல்போன்சோ அப்புஹாமி எதிர் ஹெட்டியாரச்சி தீர்ப்பு இந்த முழு நேர்மைக் கடமைக்கு வழமையாகக் காட்டப்படுவது. பழைய வழக்கொன்று தோற்றதை, பிரதேச செயலகத்தில் நடந்த இணக்கத்தை, தானே முன்பு எழுதிக்கொடுத்த கடிதத்தை மறைத்திருந்தால், வழக்கின் தகுதிக்குள் போகாமலே கட்டளை கழன்றுவிடலாம்.

அடுத்தது சத்தியக்கடதாசி. நம்மூரில் இது தனிக் கதை. காணிச் சொந்தக்காரர் கனடாவில் இருப்பார், தம்பியின் கையில் அற்றோணித் தத்துவம் இருக்கும், தம்பி சத்தியம் செய்வார். 662 ஆம் பிரிவு விண்ணப்பதாரரோ பொருண்மைகளை அறிந்த வேறொருவரோ சத்தியம் செய்யலாம் என்கிறது, ஆகவே தம்பி செய்வதில் பிழையில்லை. ஆனால் 1995 இல் வேலி எங்கே நின்றது என்பதைத் தம்பி எப்படி அறிவார்? 181 ஆம் பிரிவின்படி சத்தியக்கடதாசியில் சொந்த அறிவில் உள்ளதே வரவேண்டும். இடைக்கால விண்ணப்பத்தில் நம்பிக்கையையும் சொல்லலாம், ஆனால் அதற்கான நியாயமான காரணத்தை அங்கேயே எழுதவேண்டும். "நான் அறிந்துகொண்டபடி" என்று மட்டும் எழுதி, யாரிடமிருந்து, எந்த ஆவணத்திலிருந்து என்று சொல்லாதது ஓட்டை. சத்தியம் செய்த இடமும் திகதியும் விடுபட்டிருக்கிறதா, சமாதான நீதவானின் முத்திரைக்கு மேல் ஒப்பம் இருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள்.

மூன்றாவது, காணியின் அடையாளம். 41 ஆம் பிரிவு காணி வழக்கில் எல்லைகளையோ வரைபடத்தையோ கொடுத்துக் காணியை விவரிக்கச் சொல்கிறது. உப்புவெளியிலிருந்து குச்சவெளி வரை பழைய உறுதிகளில் "கிழக்கு: கடல்" என்று ஒரே சொல்லில் முடித்திருப்பார்கள். கடல் அன்று நின்ற இடத்தில் இன்றில்லை, இடையில் கரையோர ஒதுக்கமும் வந்துவிட்டது. வழக்குரையின் அட்டவணை சொல்லும் துண்டும் மதில் எழும்பும் துண்டும் ஒன்றா என்பது நில அளவையாளரின் படம் இல்லாமல் தெரியாது. ஆணையாளராக நில அளவையாளரை அனுப்பி அளக்கச் சொல்லிக் கேட்டு, கட்டளையைப் பிணக்குள்ள கீற்றுக்கு மட்டும் சுருக்கச் சொல்லிக் கேட்கலாம். மதில் முழுவதும் நின்றுபோயிருந்த வேலை அந்தக் கீற்றைத் தவிர்த்துத் தொடரும். இப்படித் துண்டாக மாற்றித் தருவது மாவட்ட நீதிமன்றத்துக்கு இலகு. மேல் நீதிமன்றம் காணியின் நுணுக்கத்துக்குள் இறங்க விரும்பாது.

இந்த வழி எங்கே பயன்படாது? இரு தரப்பையும் கேட்டு, எழுத்துச் சமர்ப்பணங்களை வாங்கி, காரணங்களோடு இட்ட தடையுத்தரவுக்கு. பிரிவின் சொற்கள் அதையும் உள்ளடக்கும்தான். ஆனால் அதே வாதத்தை அதே நீதிபதியிடம் திரும்பச் சொல்லி வேறு பதில் எதிர்பார்ப்பது வீண். பின்னர் நிலைமை மாறியிருந்தால், அல்லது உரிய கவனத்தோடு தேடியும் அப்போது கிடைக்காத ஆவணம் இப்போது கிடைத்திருந்தால் மட்டும் 666 இல் உயிர் இருக்கிறது. அதைவிட ஆபத்து, 666 மனு நிலுவையில் இருப்பதால் மேன்முறையீட்டுக் காலம் நிற்காது. அது முடியட்டும் என்று காத்திருந்தவர் இரண்டையும் இழப்பார்.

14 நாள்

மேன்முறையீட்டு அனுமதிக்கான காலம் 757(1) ஆம் பிரிவில் இருக்கிறது. கட்டளை இட்ட நாளிலிருந்து 14 நாட்கள். கட்டளை இட்ட நாளும், விண்ணப்பத்தைக் கொடுக்கும் நாளும், ஞாயிற்றுக்கிழமைகளும், பொது விடுமுறை நாட்களும் கணக்கில் வராது. சனிக்கிழமை வரும். கட்டளை ஒரு திங்கட்கிழமை, முதலாந் திகதி இடப்பட்டது என்க. இரண்டாந் திகதி செவ்வாய் முதல் நாள். 7 உம் 14 உம் ஞாயிறு, விட்டுவிடுங்கள். 17 புதன்கிழமை பதினான்காவது நாள். கொடுக்கும் நாளும் விலக்கென்பதால் 18 வியாழன் கடைசி. இடையில் வார நாளில் ஒரு போயா வந்தால் 19. சித்திரைப் புத்தாண்டுக் காலத்தில் விடுமுறைகள் கூடுதலாகச் சேரும். ஆனால் நீதிமன்ற விடுமுறைக் காலம் வேறு, பொது விடுமுறை வேறு. நீதிமன்றம் அமராத வாரம் என்பதற்காக நாட்கள் நின்றுவிடா. கடைசி நாளில் அலுவலகம் மூடியிருந்தால் மறு வேலைநாளில் கொடுக்கப் பொருள்கோடல் கட்டளைச் சட்டத்தின் 8 ஆம் பிரிவு இடம் தருகிறது, அதை நம்பித் திட்டமிடாமல் இருப்பது நல்லது. காலமும் வடிவமும் தப்பினால் நீதிமன்றம் அதை நிராகரிக்கவேண்டும் என்றுதான் பிரிவே சொல்கிறது. மன்னிக்கும் அதிகாரம் அங்கே எழுதப்படவில்லை.

இந்த 14 நாட்களை உண்மையில் தின்பது பிரதி எடுப்பது. கட்டளை வாசிக்கப்பட்ட அதே நாளில் பதிவகத்தில் அத்தாட்சிப்படுத்திய பிரதிக்கு விண்ணப்பம் போடுங்கள். வழக்குரை, விண்ணப்பம், சத்தியக்கடதாசிகள், அவற்றோடு இணைத்த ஆவணங்கள், ஆட்சேபணை, எழுத்துச் சமர்ப்பணங்கள், கட்டளை, வழக்கேட்டின் நாளாந்தப் பதிவுகள் எல்லாம் வேண்டும். நாளாந்தப் பதிவைக் கேட்க மறந்துவிடுவார்கள். தடுப்புக் கட்டளை எந்தெந்த நாளில், காரணம் எழுதியா எழுதாமலா நீடிக்கப்பட்டது என்பது அதில்தான் இருக்கும். ஏதாவது ஒரு பிரதி நேரத்துக்கு வராவிட்டால், வராத காரணத்தை மனுவிலேயே எழுதி, பின்னர் சமர்ப்பிக்க அனுமதி கேட்கவேண்டும். சும்மா விட்டுவிட்டு வாய்மொழியாகச் சமாளிக்க முடியாது.

மேன்முறையீட்டு அனுமதி

மனு மேல் நீதிமன்றத்துக்கு முகவரியிடப்பட்டு, தரப்பினரோ பதிவுச் சட்டத்தரணியோ ஒப்பமிட்டு, சத்தியக்கடதாசியோடு, 758 ஆம் பிரிவு கேட்கும் விபரங்களோடு, எதிர்மனுதாரர்களுக்குச் சேர்ப்பிக்கத் தேவையான பிரதிகளோடு நேரடியாக மேல் நீதிமன்றத்தில் கொடுக்கப்படவேண்டும். சிலர் இறுதித் தீர்ப்புக்குச் செய்வதுபோல மாவட்ட நீதிமன்றத்தில் மேன்முறையீட்டு அறிவித்தல் கொடுத்துவிட்டு, மனுவுக்கு 60 நாள் இருக்கிறது என்று இருந்துவிடுகிறார்கள். தடையுத்தரவு ஒரு கட்டளை, 754(1) சொல்லும் தீர்ப்பு அல்ல. அந்த அறிவித்தலால் எதுவும் ஆகாது.

விண்ணப்பம் போட்டதால் மட்டும் தடை நின்றுவிடாது. இடைநிறுத்தக் கட்டளையைத் தனியாகக் கேட்கவேண்டும், அதற்கும் வழமையாக மறுதரப்புக்கு அறிவித்தல் வேண்டும். அது கிடைக்கும்வரை மாவட்ட நீதிமன்றக் கட்டளைக்குக் கீழ்ப்படிந்தே ஆகவேண்டும். "மேல்கோட்டில் போட்டிருக்கிறோம்" என்று இரண்டு வரி கல் கூட்டினால் 663 ஆம் பிரிவின்படி அது நீதிமன்ற அவமதிப்பு. அதோடு மேல் நீதிமன்றத்திலும் உங்கள் முகம் கறுத்துவிடும்.

பலரும் கணக்கில் எடுக்காத விலை ஒன்று உண்டு. மேல் நீதிமன்றம் வழக்கேட்டை வரவழைத்தாலோ மாவட்ட நீதிமன்ற நடவடிக்கைகளை நிறுத்திவைத்தாலோ, மூல வழக்கும் சேர்ந்து நின்றுவிடும். தடையால் அவதிப்படுகிறவர் தானே அந்தத் தடையின் ஆயுளை நீட்டிக்கொள்கிறார் என்பதே இதன் பொருள். தடையைப் பெற்றவருக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? ஆகவே மேலே போவதானால், தடையுத்தரவின் நடைமுறையை மட்டும் நிறுத்தச் சொல்லுங்கள், மூல வழக்கை நிறுத்தச் சொல்லி மனுவில் எழுதாதீர்கள். பழைய மனுவைப் பார்த்துப் புதியதை அடிக்கும்போது அந்த வேண்டுதல் ஒட்டிக்கொண்டு வந்துவிடும்.

அனுமதி கேட்கத் தகுந்தது எது என்பதற்கு நாங்கள் வைத்திருக்கும் சோதனை, தவறை ஒரே வாக்கியத்தில், கட்டளையின் பக்க எண்ணோடு சொல்ல முடிகிறதா என்பது. "நிரந்தரத் தடை கேட்காத வழக்குரையில், நீதித்துறைச் சட்டத்தின் 54 ஆம் பிரிவின் எந்த உறுப்பின் கீழ் என்று சொல்லாமல் தடை கொடுக்கப்பட்டது." "எதிராளி காட்டிய அரச அனுமதிப்பத்திரம் கட்டளையில் எங்குமே பேசப்படவில்லை." "பணத்தால் ஈடுசெய்யக்கூடிய நட்டம் என்று வழக்காளியே தன் சத்தியக்கடதாசியில் தொகை சொல்லியிருக்கிறார், கட்டளை அதைக் காணவில்லை." இவை போகத்தக்கவை. "நீதிபதி சாட்சியங்களைச் சரியாக எடைபோடவில்லை" என்பது போகத்தக்கதல்ல. இடைக்காலக் கட்டத்தில் எடைபோட முழுச் சாட்சியமே இன்னும் வரவில்லை.

மீளாய்வு: தவறவிட்டவரின் வழியா?

நாட்கணக்கு தப்பியவர்கள் அடுத்துப் பிடிப்பது மீளாய்வு. அதற்குச் சட்டத்தில் நாட்கணக்கு இல்லை என்பதே கவர்ச்சி. சட்டக்கோவையின் 753 ஆம் பிரிவிலும் அரசியலமைப்பின் 138 ஆம் உறுப்புரையிலும் அதிகாரம் இருக்கிறது, 2006 சட்டம் மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் அதைத் தந்திருக்கிறது. 1939 இன் அத்துக்கோரள எதிர் சாமிநாதன் தொட்டே, மேன்முறையீட்டு உரிமை இருப்பதால் மட்டும் இந்த அதிகாரம் அடைபடுவதில்லை என்று சொல்லப்பட்டிருக்கிறது. ஆனால் ருஸ்தம் எதிர் ஹப்பங்கம, ஹோட்டல் கலக்சி எதிர் மேர்க்கன்டைல் ஹோட்டல்ஸ் முதலிய தீர்ப்புகளுக்குப் பின் நிலை தெளிவு. வேறு பரிகாரம் இருந்தும் அதை எடுக்காதவர் விசேட சூழ்நிலையைக் காட்டவேண்டும், அதையும் மனுவில் குறிப்பாக எழுதியிருக்கவேண்டும். "மாவட்ட நீதிபதி தவறிழைத்தார்" என்பது விசேட சூழ்நிலை அல்ல. எல்லா மேன்முறையீட்டிலும் அதுதானே சொல்லப்படுகிறது. அதிகாரமே இல்லாமல் இட்ட கட்டளை, வழக்கில் தரப்பாகச் சேர்க்கப்படாத ஒருவரின் வீட்டு வழியை அடைத்த கட்டளை, மறுதரப்புக்கு அறிவித்தலே போகாமல் வந்த நீண்டகாலத் தடை போன்றவை வேறு.

நாட்கணக்கு இல்லை என்றாலும் தாமதத்துக்குக் கணக்குக் கொடுக்கவேண்டும். திகதி திகதியாக: பிரதி கேட்டது எப்போது, கிடைத்தது எப்போது, நோயென்றால் அதற்கான பத்திரம். இதே விடயத்தில் அந்த நீதிமன்றத்தின் நியாயாதிக்கம் முன்னர் கோரப்படவில்லை என்ற கூற்றையும் 1990 ஆம் ஆண்டு மேன்முறையீட்டு நீதிமன்ற விதிகளின் 3 ஆம் விதி கேட்கிறது. அந்தக் கூற்று பொய்யென்று தெரிந்தால் மனு அங்கேயே முடியும். அனுமதி கேட்டுத் தோற்றுவிட்டு அதே வாதத்தை மீளாய்வென்ற பெயரில் கொண்டுவருவது இதில்தான் மாட்டிக்கொள்ளும். சிலர் பாதுகாப்புக்கென்று இரண்டையும் ஒன்றாகப் போடுவதுண்டு. கடும் விசேடம் இல்லாத வழக்கில் இரட்டைச் செலவுதான் மிச்சம்.

முன்னிருந்த நிலைக்கு முழுதாக மீட்டல் என்ற பரிகாரமும் 138 இல் இருக்கிறது, அது கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் மட்டும். மோசடி, நியாயமான தவறு போன்றவற்றால் வந்த கட்டளைகளுக்கானது. இடைக்காலத் தடையில் அது அரிதாகவே பொருந்தும்.

மேலே போகாமல் இருப்பது

இதையும் ஒரு முழுத் தெரிவாகவே வைத்துப் பாருங்கள். 664(3) இன்படி எதிராளி நீதிமன்றத்தில் கொடுக்கும் உறுதிமொழிக்குத் தடையுத்தரவின் வலு உண்டு. தடுப்புக் கட்டளைக் கட்டத்திலேயே ஒரு குறுகிய உறுதிமொழியை நீங்களே எழுதிக் கொடுக்கலாம்: கிழக்குப் பக்கம் இத்தனை அடி அகலத்துக்குள் கட்டமாட்டேன், மிச்ச இடத்தில் வேலை தொடரும், வழக்கு எதிராகப் போனால் என் செலவில் இடித்துத் தருவேன் என்று. பரந்த தடையொன்று வருவதைவிட இது மேல். ஆனால் எழுதும் ஒவ்வொரு சொல்லும் உங்களையே கட்டும். சம்மதத்தில் வந்த கட்டளைக்கு மேன்முறையீடும் நடைமுறையில் இல்லாமற் போகும். "தற்போதைய நிலையைப் பேணுவேன்" என்ற ஒற்றை வாக்கியத்தை மட்டும் கொடுக்கவேண்டாம். தற்போதைய நிலை எது என்பதே பிணக்காக இருக்கையில், அது பின்னால் அவமதிப்பு விண்ணப்பமாகத் திரும்பி வரும்.

இன்னொன்று, மூல வழக்கை முன்னுக்குத் தள்ளுவது. மறுமொழியை உரிய நாளில் போட்டு, ஒத்திவைப்புக் கேட்காமல், பிணக்குவினாக்களை (நீதிமன்றம் தீர்க்கவேண்டிய கேள்விகளை) எழுப்பி, முன்கூட்டிய விசாரணைத் திகதி கேட்பது. தடை வழங்கப்பட்டிருப்பதையே அதற்குக் காரணமாகக் காட்டலாம். எளிய எல்லை வழக்கில், நில அளவையாளரின் அறிக்கை வந்ததும் பாதிப் பிணக்கு தீர்ந்துவிடும்.

தடை மறுக்கப்பட்டவருக்கு

இதுவரை சொன்னது தடையால் கட்டப்பட்டவருக்கு. விண்ணப்பம் தள்ளுபடியான வழக்காளிக்குக் கணக்கு வேறு. அவருக்கும் அதே 14 நாள், அதே 757. ஆனால் மறுப்புக் கட்டளையை இடைநிறுத்துவதால் அவருக்கு ஒன்றும் கிடைக்காது, நிறுத்துவதற்கு அங்கே எதுவும் இல்லை. மேல் நீதிமன்றத்திடமே நேரடியான இடைக்காலத் தடையைக் கேட்கவேண்டும், கீழே காரணத்தோடு மறுக்கப்பட்டதை மேலே முதல் நாளிலேயே பெறுவது கடினம். 666 அவருக்கு இல்லை, அது கொடுத்த கட்டளையை நீக்கத்தான். புதிய நிகழ்வு இருந்தால் புதிய விண்ணப்பம் போடலாம். மறுதரப்பு காணியை விற்றுவிடும் என்பதே பயமென்றால், காணிப் பதிவகத்தில் வழக்கு நிலுவையை உடனே பதிந்துவைப்பது தடைக்குக் கிட்டிய பாதுகாப்பைக் குறைந்த செலவில் தரும். அதை முதல் நாளே செய்திருக்கவேண்டும், ஆனால் தடை கிடைக்கும் என்ற நம்பிக்கையில் அது விட்டுப்போகும்.

எதிராளி அரச திணைக்களமென்றால் இந்த ஒப்பீடே பொருந்தாது. பொருள்கோடல் கட்டளைச் சட்டத்தின் 24 ஆம் பிரிவு சிவில் வழக்கில் அரசுக்கும் அமைச்சருக்கும் எதிரான தடையுத்தரவைத் தடுக்கிறது. அங்கே எழுத்தாணை (ரிட்) வழிதான் பார்க்கவேண்டியது.

எதை எடுப்பது?

கையில் இருப்பது ஒருதலைப்பட்சத் தடுப்புக் கட்டளை, விசாரணைத் திகதி 14 நாட்களுக்குள் என்றால், 666 கூட வேண்டாம். முழு ஆட்சேபணையையும் ஆவணங்களோடு அந்தத் திகதியில் போட்டுவிட்டு, நீடிப்புக் கேட்கும்போது காரணத்தைப் பதியும்படி வற்புறுத்துங்கள். திகதி தள்ளித் தள்ளிப் போகிறது, கட்டளையும் தானாக நீடிக்கிறது என்றால் 666. இரு தரப்பும் கேட்டபின் வந்த தடையுத்தரவு, தவறை ஒரு வாக்கியத்தில் சொல்ல முடிகிறது என்றால் 14 நாளுக்குள் அனுமதி விண்ணப்பம், மூல வழக்கை நிறுத்தாமல். தவறைச் சொல்ல முடியவில்லை, ஆனால் தடை தேவைக்கு மேல் அகலம் என்றால் மாற்றம் கேட்டு 666, அல்லது உறுதிமொழி. 14 நாள் தப்பிவிட்டது, விசேடமும் இல்லை என்றால் மீளாய்வுக்குச் செலவழிக்கும் காசை நில அளவைக்கும் விசாரணைக்கும் போடுங்கள்.

மேல் நீதிமன்றத்திலும் தோற்றால் 2006 சட்டத்தின் 5சி பிரிவின்படி நேரே உயர் நீதிமன்றம், அதுவும் அனுமதியோடு. முக்கியமான சட்ட வினா இருக்கவேண்டும், அல்லது அந்த நீதிமன்றம் மீள்பார்க்கத் தகுந்ததாகக் கருதவேண்டும். ஒரு மதில் இடைக்காலத்தில் நிற்கலாமா என்பதில் சட்ட வினா எழுவது அபூர்வம். காலம் ஆறு வாரம், 42 நாள், இங்கே ஞாயிறு கழிப்பதில்லை. தமிழில் நடந்த வழக்கேட்டைச் சத்திய மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்து எடுக்கும் நாட்களும் இந்த 42 க்குள்தான். எதிர்மனுதாரர்களுக்கான அறிவித்தல்களை மனுவோடு சேர்த்துக் கொடுக்கச் சொல்லும் உயர் நீதிமன்ற விதிகளின் 8(3) ஐத் தவறவிட்டு, வாதத்துக்கே வராமல் தள்ளுபடியான விண்ணப்பங்கள் பல.

எந்த வழியை எடுத்தாலும் நட்டக் கணக்கை முதல் நாளிலிருந்து எழுதிவையுங்கள்: இறுகிப்போன சீமெந்து, மேசனின் முற்பணம், நின்ற நாட்களின் கூலி, வங்கி வட்டி, பற்றுச்சீட்டுகளோடு. போதிய ஆதாரமில்லாமல் தடை கேட்கப்பட்டது என்று தெரிந்தால், அல்லது வழக்கு தள்ளுபடியாகி, தடை கேட்க நியாயமான காரணமே இருக்கவில்லை என்று தெரிந்தால், 667 ஆம் பிரிவின் கீழ் அதே வழக்கிலேயே ஈடு கேட்கலாம். அந்தப் பிரிவின்படி ஈடு வழங்கப்பட்டபின் அதே தடைக்காகத் தனி நட்டஈட்டு வழக்குப் போட முடியாது. ஆகவே கேட்கும்போது முழுத் தொகையையும் கேட்டுவிடவேண்டும்.